ஆட்டோமேட்டிக்கை மேன்யுவல் ஆக்கலாமா?

போன வாரம் எங்கள் கிளையில் வேலை பார்க்கும் மதுரைப் பையன் ஒருவன், மதியச் சாப்பாட்டு நேரத்தில் டிபன் பாக்ஸோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தான்.

"சார், என் கார் ஏஎம்டி. ஒரு மாசமா கியர் விழாம அடம் பிடிக்குது. சர்வீஸ் சென்டர்ல பெரிய தொகையா சொல்றாங்க. வெளியில ஒரு மெக்கானிக், அந்த மோட்டார் சமாச்சாரத்தையெல்லாம் கழட்டிப் போட்டுட்டு மேன்யுவலா மாத்திடலாம்னு சொல்றார். மாத்தலாமா சார்?"

பி.காம். படித்துவிட்டு பேங்கில் லோன் பேப்பர் பார்க்கிறவனிடம் போய் கியர்பாக்ஸ் சந்தேகமா என்று நினைக்காதீர்கள். இந்தப் பாடத்தில் நான் ஏற்கெனவே ஃபீஸ் கட்டிப் பாஸ் ஆனவன் :-) "மாத்தாதேப்பா" என்றேன். அவன் முகம் சுருங்கிப்போனது. காரணம் சொல்வதற்குள் கவுண்டரில் கூட்டம் சேர்ந்துவிட்டது. விட்ட கதையை இங்கே எழுதிவிடுகிறேன். அவனும் படிப்பான். அவனைப் போல இந்த ஊர்களில் செகண்ட் ஹேண்ட் ஆட்டோமேட்டிக் வாங்கி வைத்திருக்கும் நம்மாட்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள்.

முதலில் என் கதை.

புனேவுக்கு மாற்றலாகி வந்தது 2011-ல். அப்போது எங்களிடம் இருந்தது ஒரு சின்ன மேன்யுவல் கார். தங்கமணி இங்கே ஒரு டிரைவிங் ஸ்கூலில் சேர்ந்து, முறைப்படி டெஸ்ட் கொடுத்து லைசென்ஸ் வாங்கினார். எல்லாம் நன்றாகத்தான் போனது, 2015-ல் ஒரு சாயங்காலம் சாந்தினி சௌக் ஏற்றத்தில் மாட்டும் வரை. புனேக்காரர்களுக்கு அந்த இடத்தைச் சொல்லவே வேண்டாம். இப்போது புதுப் பாலமெல்லாம் கட்டி 2023 ஆகஸ்டில் திறந்துவிட்டார்கள். அப்போது அது கோத்ருட், பாவ்தன், முல்ஷி, ஹைவே எல்லாம் ஒரே இடத்தில் முட்டிக்கொள்ளும் மேடு. ஏற்றத்தில் வண்டி நின்றது. க்ளட்சை விட்டார், எஞ்சின் அணைந்தது. மறுபடி ஸ்டார்ட் செய்தார், மறுபடி அணைந்தது. பின்னால் ஹார்ன். மூன்றாவது முறை வண்டி ஒரு முழம் பின்னால் உருண்டு, பின்னால் நின்ற பைக்கின் முன் சக்கரத்தில் போய் இடித்தது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ஆனால் பைக்காரர் இறங்கி வந்து கண்ணாடியைத் தட்டிப் பேசிய பேச்சு இருக்கிறதே, மராத்தி அவ்வளவாகப் புரியாத காலம் என்பது ஒரு வகையில் நல்லதாகப் போயிற்று. அதற்குப் பிறகு இரண்டு வருஷத்துக்கு மேல் அவர் ஸ்டியரிங்கைத் தொடவில்லை.

2018-ல் பழைய காரைக் கொடுத்துவிட்டு, 2014 மாடல் பெட்ரோல் செடான் ஒன்றை வாங்கினோம். சிவிடி ஆட்டோமேட்டிக். வாங்கிய காரணமே அவர்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, காலியான ரோட்டில் உட்கார வைத்தேன். பிரேக்கை விட்டதும் வண்டி தானாக மெல்ல நகர்ந்ததைப் பார்த்து, "அவ்வளவுதானா?" என்றார். அவ்வளவுதான். அடுத்த மாதமே பாவ்தனில் ஒரு பள்ளியில் அக்கவுண்ட்ஸ் வேலைக்கு விண்ணப்பம் போட்டுவிட்டார். கிடைத்தும் விட்டது.

இனி வில்லன் வரும் இடம். வில்லன் நான்தான்.

சிவிடி என்றால் உள்ளே ஒன்று, இரண்டு என்று படிப்படியாக மாறும் கியர்கள் கிடையாது. அகலம் கூடிக் குறையும் இரண்டு புல்லிகள், அவற்றுக்கு நடுவே ஒரு இரும்பு பெல்ட். வேகத்துக்கு ஏற்றபடி புல்லிகள் விரியும், சுருங்கும். அந்த பெல்ட் வழுக்காமல் பிடித்துக்கொள்ள வேண்டிய உராய்வு, புல்லியை நெருக்கும் அழுத்தம் இரண்டுமே உள்ளே இருக்கும் எண்ணெயை நம்பித்தான். அதனால் சிவிடிக்கென்றே தனி எண்ணெய் உண்டு. 2020-ல் இரண்டாயிரம் ரூபாய் மிச்சம் பிடிக்கிறேன் பேர்வழி என்று வெளியே ஒரு இடத்தில் ஆயில் மாற்றினேன். சாதாரண ஆட்டோமேட்டிக் ஆயிலை ஊற்றியிருக்கிறார்கள். பில்லில் "கியர் ஆயில்" என்று மட்டும் போட்டிருந்தது. வாடிக்கையாளர் கொடுக்கும் பேலன்ஸ் ஷீட்டில் ஒவ்வொரு வரியையும் நோண்டுகிறவன், சொந்தக் கார் பில்லைப் படிக்கவில்லை.

2023 மே மாதம் பள்ளி விடுமுறைக்குக் கரூர் கிளம்பினோம். புனேயிலிருந்து சதாரா, கோலாப்பூர், ஹூப்ளி, பெங்களூர் வழியாகச் சுமார் 1,100 கிலோமீட்டர். இரண்டு நாள் பயணம். சதாரா போகும் வழியில் கம்பாட்கி காட் ஏற்றத்தில் வண்டி நடுங்க ஆரம்பித்தது. ஆக்ஸிலேட்டரை மிதித்தால் எஞ்சின் கத்துகிறது, வண்டி ஏறவில்லை. ஓரங்கட்டி அரை மணி நேரம் ஆறவிட்டு, ஊர்ந்து ஊர்ந்து மேலே ஏறி, அடுத்த வளைவில் திருப்பி புனேவுக்கே வந்து சேர்ந்தோம். மறுநாள் பஸ்ஸில்தான் ஊருக்குப் போனோம்.

திரும்பி வந்து கம்பெனி சர்வீஸ் சென்டரில் விட்டேன். கியர்பாக்ஸ் முழுசாக மாற்ற வேண்டும், கூலியோடு 1,85,000 ரூபாய் என்றார்கள். திறந்து பார்த்துச் சரி செய்ய முடியாதா என்றால், நாங்கள் திறப்பதில்லை, மாற்றுவதுதான் என்றார்கள். அன்றைக்கு அந்தக் கார் விற்றால் மூன்றே முக்கால் லட்சம் தேறும். பாதி விலைக்கு ஒரு கியர்பாக்ஸா என்று வயிறு எரிந்தது.

வீட்டுப் பக்கத்து மெக்கானிக்கிடம் போனேன். நல்ல மனிதர், கைத்தொழில் தெரிந்தவர். ஒரு சுற்று ஓட்டிப் பார்த்துவிட்டு டீ குடித்துக்கொண்டே சொன்னார்: "சாகேப், மேன்யுவல் கரூன் டாகா." மேன்யுவல் ஆக்கிவிடுங்கள். இதே மாடல் மேன்யுவல் வண்டி ஒன்று ஆக்சிடென்டில் போய் உடைக்க வந்திருக்கிறது, அதன் கியர்பாக்ஸ் தன்னிடமே இருக்கிறது, மிச்ச சாமானை நானா பேட்டில் எடுத்துவிடலாம் என்றார். பேப்பரில் கணக்கும் எழுதினார். பழைய கியர்பாக்ஸ் 28,000. புது க்ளட்ச் செட் 9,000. பெடல், கேபிள், சில்லறை 8,000. ஈசியு 12,000. கூலி 13,000. ஆக மொத்தம் 70,000.

எனக்கு ஆசை வந்துவிட்டது. பொய் சொல்ல விரும்பவில்லை: ஆசை 1,15,000 ரூபாய் மிச்சத்தில் மட்டும் வரவில்லை. எனக்கு கியர் போட்டு ஓட்டுவது பிடிக்கும். தங்கமணியின் அண்ணன் கரூரில் ஒவ்வொரு தடவையும் வண்டியைப் பார்த்து, "மாப்ள, கியர் இல்லாத வண்டி ஒரு வண்டிங்களா? பொம்மைக் காருங்க அது" என்பார். சிரித்துக்கொண்டே கேட்டுக்கொள்வேன். உள்ளுக்குள் அது வேலை செய்துகொண்டே இருந்திருக்கிறது போல.

இப்படி மாற்றுகிறவர்கள் உலகத்தில் இல்லாமல் இல்லை. அமெரிக்காவில் கார்ப் பைத்தியங்கள் இதை ஒரு வேள்வி மாதிரி செய்கிறார்கள். அங்கே ஓடுவது பெரும்பாலும் ஆட்டோமேட்டிக், அதனால் கியர் போட ஆசைப்படுகிறவர்கள் பழைய கார் ஒன்றை வாங்கி, மாதக்கணக்காக கராஜில் படுத்துக்கொண்டு மாற்றுவார்கள். அது இரண்டாவது, மூன்றாவது வண்டி. பொழுதுபோக்கு. நமக்கு இருப்பது ஒரே வண்டி. காலை எட்டரைக்கு அது வாசலில் நிற்க வேண்டும்.

சரி, மாற்றுவது என்றால் என்னவெல்லாம் மாற வேண்டும்? அந்த 70,000-க்குள் இருந்தது எவ்வளவு, இல்லாதது எவ்வளவு என்பது மெக்கானிக்கைக் குடைந்து குடைந்து கேட்டபோதுதான் தெரிந்தது.

ஆட்டோமேட்டிக் காரின் எஞ்சினுக்குப் பின்னால் மெல்லிய தகடு ஒன்றுதான் இருக்கும். மேன்யுவலுக்கு அங்கே கனமான ஃப்ளைவீல் வர வேண்டும். அதன்மேல் க்ளட்ச் பிளேட், பிரஷர் பிளேட், ரிலீஸ் பேரிங். பிறகு கியர்பாக்ஸ். அதைத் தாங்கும் மவுண்டிங் வேறு. சக்கரத்துக்குப் போகும் டிரைவ் ஷாஃப்டின் நீளம் இரண்டுக்கும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. உள்ளே வந்தால், காலடியில் இரண்டு பெடல் இருந்த இடத்தில் மூன்று பெடல். அதற்கு மாஸ்டர் சிலிண்டர், கீழே ஸ்லேவ் சிலிண்டர், நடுவே பைப். கியர் லிவரும் அதன் கேபிள்களும். லிவரைச் சுற்றியிருக்கும் பிளாஸ்டிக் மூடிகூட வேறு.

இதெல்லாம் இரும்பு, காசைக் கொடுத்தால் மாட்டிவிடலாம். தலைவலி ஒயரில் இருக்கிறது. ஆட்டோமேட்டிக் கார், லிவர் "பார்க்"கிலோ நியூட்ரலிலோ இருக்கிறது என்ற தகவல் வந்தால்தான் ஸ்டார்ட் ஆகும். அந்தத் தகவல் சொல்லும் உறுப்பைக் கழற்றிவிட்டால் வண்டி அதைத் தேடிக்கொண்டே இருக்கும். எஞ்சின் கம்ப்யூட்டரும் கியர்பாக்ஸ் கம்ப்யூட்டரும் ஓயாமல் பேசிக்கொள்பவை. ஒன்று செத்துவிட்டால் மற்றது டாஷ்போர்டில் மஞ்சள் விளக்கைப் போட்டு ஒப்பாரி வைக்கும். மேன்யுவல் காரின் ஈசியுவைக் கொண்டு வந்து மாட்டினால் அது நம் சாவியை ஏற்காது, திருட்டுத் தடுப்பு ஏற்பாட்டில் சாவிக் குறியீட்டை மறுபடி பதிய வேண்டும். ரிவர்ஸ் லைட்டுக்குத் தனி ஸ்விட்ச். இத்தனைக்கும் மெக்கானிக்கின் ஒரே பதில், "ஹோயீல் சாகேப்", ஆகிவிடும் சார். வாரன்டி என்று கேட்டதும் டீயைக் குடித்து முடித்துவிட்டார்.

அந்த மதுரைப் பையனுக்கு இங்கே தனியாக ஒன்று சொல்ல வேண்டும். அவனுடைய ஏஎம்டி விஷயத்தில் மெக்கானிக் சொன்னது பாதி உண்மை. 2014-ல் மாருதி செலேரியோவில் அது அறிமுகமானபோது, விலை குறைந்த ஆட்டோமேட்டிக் என்று எல்லோரும் ஓடிப்போய் வாங்கினோம். குறைந்ததற்குக் காரணம், உள்ளே இருப்பது சாதாரண மேன்யுவல் கியர்பாக்ஸும் க்ளட்சும்தான். நம் இடது காலுக்கும் இடது கைக்கும் பதிலாக ஒரு இயந்திரக் கை அவற்றை இயக்குகிறது, அவ்வளவே. அதனால் அந்தக் கையைக் கழற்றிவிட்டு நம் கையை வைக்கலாம் என்பது கேட்க எளிதாக இருக்கும். ஆனால் பெடல், லிவர், கேபிள், கம்ப்யூட்டர் என்று மேலே சொன்ன பட்டியலில் முக்கால்வாசி அங்கேயும் வரும். அதைவிட முக்கியம், உள்ளே இருப்பது சாதாரண க்ளட்ச் என்பதால் சாதாரண க்ளட்ச் மாதிரியே அதுவும் தேயும். தேய்ந்தால் பிளேட்டை மாற்றிவிட்டு, கம்ப்யூட்டருக்குப் புது அளவைக் கற்றுக்கொடுக்க வேண்டும். டிராஃபிக்கில் ஏற்றத்தில் பிரேக் பிடிக்காமல் ஆக்ஸிலேட்டரிலேயே நிறுத்தி வைத்திருந்தால் சீக்கிரமே தேயும். தம்பி, முதலில் க்ளட்சைப் பார்க்கச் சொல். அந்த இயந்திரக் கையைக் குறை சொல்வதெல்லாம் அப்புறம்.

அடுத்தது பேப்பர். இது என் ஏரியா.

எங்கள் ஃப்ளாட் பால்கனியிலிருந்து பார்த்தால் வேதாள் குன்று தெரியும். அதன்மேல்தான் 1966-ல் தொடங்கிய ஏஆர்ஏஐ, அதாவது இந்தியாவில் வண்டிகளைச் சோதித்துச் சான்று கொடுக்கும் நிறுவனங்களில் ஒன்று, இருக்கிறது. காலையில் வாக்கிங் போகிறவர்கள் அந்தக் குன்றையே ஏஆர்ஏஐ டேக்டி என்றுதான் சொல்வார்கள். ஒரு கார் மாடல் இப்படிப்பட்ட இடத்தில் சோதனை தாண்டித்தான் ரோட்டுக்கு வருகிறது. நம் ஆர்சியில் இருக்கும் விவரம் அப்படிச் சான்று பெற்ற வண்டியின் விவரம். என் ஆர்சியில் மாடல் பெயரோடு சிவிடி என்றும் சேர்த்து அச்சடித்திருக்கிறது. 1988-ம் வருஷ மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-வது பிரிவு, ஆர்சியில் உள்ள விவரங்கள் தயாரிப்பாளர் சொன்னதிலிருந்து மாறும்படி வண்டியை மாற்றக் கூடாது என்கிறது. 2019 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட்டும், கேரளத்திலிருந்து வந்த ஒரு வழக்கில், அதையே அழுத்திச் சொன்னது. அதே வருஷம் சட்டத்தைத் திருத்தி 182ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். அனுமதியில்லாத மாற்றம் ஒவ்வொன்றுக்கும் வண்டிச் சொந்தக்காரருக்கு 5,000 ரூபாய் அபராதம், அல்லது ஆறு மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். மெக்கானிக் டீ குடிப்பார், சொந்தக்காரர் நாம்.

வேடிக்கை என்னவென்றால் எதிர்த்திசையில் போவதற்குச் சட்டமே வழி விட்டிருக்கிறது. கால் இயலாதவர்களுக்காக மேன்யுவல் காரில் தானியங்கி க்ளட்ச், கையால் இயக்கும் பிரேக் போன்றவற்றை வைத்து மாற்றிக்கொள்ள முறைப்படி அனுமதி உண்டு. ஓட்ட முடியாதவரை ஓட்ட வைக்கும் மாற்றம் அது. நான் செய்யவிருந்தது அதற்கு நேர் எதிர் என்பது அப்போது உறைக்கவில்லை.

யாரும் நிறுத்திப் பார்க்கப் போவதில்லையே என்பீர்கள். உண்மைதான், டிராஃபிக் போலீஸ் குனிந்து பெடலை எண்ண மாட்டார். எண்ணப்போவது சர்வேயர். பெரிய விபத்து ஒன்று நடந்து க்ளெய்ம் போட்டால், பாலிசியில் சிவிடி, வண்டியில் மூன்று பெடல். க்ளெய்ம் முழுசாகப் போய்விடும் என்று நான் பயமுறுத்தவில்லை. ஆனால் கேட்பதற்கு ஒரு கேள்வியை நாமே அவர் கையில் கொடுக்கிறோம். லோன் இருந்தால் இன்னொன்று. ஆர்சியில் பேங்க் பெயர் ஏறியிருக்கும். லோன் முடியும் வரை அடமானப் பொருளை பேங்கைக் கேட்காமல் மாற்றக் கூடாது என்பது எங்கள் பேங்க் ஒப்பந்தத்தில் இருக்கும் ஷரத்து. கையெழுத்துப் போடும்போது யாரும் படிப்பதில்லை, அது வேறு விஷயம். விற்கும்போது? பழைய கார் வாங்கும் கம்பெனிக்காரர்கள் சேசிஸ் நம்பரைப் போட்டவுடன் எந்த வேரியன்ட் என்று திரையில் பார்த்துவிடுவார்கள். ஆட்டோமேட்டிக் வேண்டுமென்கிறவர் அதை வாங்க மாட்டார். மேன்யுவல் வேண்டுமென்கிறவர் ஒரிஜினல் மேன்யுவலை வாங்கிக்கொள்வார்.

இதையெல்லாம் எக்ஸெல்லில் போட்டுப் பார்த்தேன். தொழில் புத்தி. ஒரு பத்தியில் புது கியர்பாக்ஸ், ஒரு பத்தியில் மேன்யுவல், ஒரு பத்தியில் இருக்கிற நிலையிலேயே விற்பது. விற்பனை நஷ்டம், பெட்ரோல் மிச்சம், பராமரிப்பு என்று வரிசையாகப் போட்டும், மேன்யுவல் பத்திதான் கொஞ்சம் ஜெயித்தது. (ஜெயிக்கும்படி நம்பர் போட்டேனா என்று இப்போது சந்தேகமாக இருக்கிறது. லோன் வாங்க வருகிறவர்களின் ப்ராஜெக்ட் ரிப்போர்ட்டில் இந்தத் தில்லுமுல்லை நாலு வினாடியில் பிடித்துவிடுவேன்.) மெக்கானிக்குக்கு பத்தாயிரம் அட்வான்ஸ் கொடுப்பதாகச் சொல்லிவிட்டு, அன்று ராத்திரி சாப்பிடும்போது வீட்டில் விஷயத்தைச் சொன்னேன். கேட்கவில்லை, சொன்னேன். அந்த வித்தியாசத்தைக் கவனியுங்கள்.

தங்கமணி தட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "சரிங்க, மாத்திக்கோங்க. ரெண்டாவது சாவியையும் நீங்களே வெச்சுக்கோங்க."

அவ்வளவுதான் பேச்சு. மகள் என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

ராத்திரி தூக்கம் வரவில்லை. எழுந்து போய் மறுபடி அந்த எக்ஸெல்லைத் திறந்தேன். கண்ணுக்கு எதிரே இருந்தது. இவ்வளவு வரி போட்டவன், அந்த வண்டியைப் பெரும்பாலான நாள் ஓட்டுவது யார் என்று ஒரு வரி போடவில்லை. நான் பேங்குக்கு ஸ்கூட்டரில் போகிறவன். கார், திங்கள் முதல் சனி வரை பாவ்தன் போய் வருவது. வண்டியை மேன்யுவல் ஆக்கினால் அவருடைய வேலைக்கு தினம் இரண்டு ஆட்டோ, அல்லது இரண்டு பஸ், அல்லது நான் கொண்டுபோய் விட வேண்டும். ஆட்டோ செலவை மட்டும் ஒரு வருஷத்துக்குப் போட்டேன். மிச்சம் பிடித்த தொகையில் பெரும்பகுதி அதிலேயே போனது. வேலையையே விட்டுவிட்டால் என்ன கணக்கு என்று போட விரல் வரவில்லை.

அவருக்கு லைசென்ஸ் இருக்கிறதே, மறுபடி மேன்யுவல் பழகலாமே என்று கேட்கலாம். நானும் மனசுக்குள் கேட்டுக்கொண்டேன். சட்டப்படி தடையில்லை. பிரிட்டனில் ஆட்டோமேட்டிக்கில் டெஸ்ட் பாஸ் செய்தால் ஆட்டோமேட்டிக் மட்டும்தான் ஓட்டலாம். நம் நாட்டில் இரு சக்கர வண்டிக்குத்தான் கியர் உள்ளது, இல்லாதது என்று தனித்தனி. காருக்கு அந்தப் பிரிவு இல்லை. அவர் நினைத்தால் ஒரு மாதத்தில் பழகிவிடுவார். ஆனால் அது அவர் நினைக்க வேண்டிய விஷயம். என்னுடைய 70,000 ரூபாய்க் கணக்குக்காக அவர் மறுபடி ஒரு ஏற்றத்தில் ஹார்ன் சத்தத்துக்கு நடுவே வியர்த்துக்கொண்டு நிற்க வேண்டும் என்று நான் எப்படிச் சொல்வது?

அந்த ராத்திரி வேறொரு ராத்திரியும் ஞாபகம் வந்தது. 2021 ஏப்ரல், கொரோனா இரண்டாவது அலை. பேங்க் ஒரு நாளும் மூடவில்லை. யாரிடமிருந்தோ எனக்கும் ஒட்டிக்கொண்டது. ஏழாம் நாள் நடுராத்திரி மூச்சு வாங்க ஆரம்பித்தது. ஆம்புலன்சுக்குப் போன் போட்டால் காத்திருக்கச் சொன்னார்கள். ஊரில் என்றால் பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டலாம், சித்தப்பா பையன் ஓடி வருவான். இங்கே அந்த நேரத்தில் யார் வீட்டுக் கதவைத் தட்டுவது, அதுவும் கொரோனாக்காரனை ஏற்றிக்கொள்ள? இரண்டு மாஸ்க் போட்டுக்கொண்டு தங்கமணிதான் வண்டியை எடுத்தார். முதல் ஆஸ்பத்திரியில் படுக்கை இல்லை. இரண்டாவதிலும் இல்லை. மூன்றாவதில் சேர்த்துவிட்டு, விடியற்காலை தனியாக வண்டியை ஓட்டிக்கொண்டு, பெண் தனியாக இருக்கும் வீட்டுக்குத் திரும்பியிருக்கிறார். "க்ளட்ச் இருந்திருந்தாலும் ஓட்டியிருப்பேன்" என்று இன்றைக்கும் சொல்கிறார். இருக்கலாம். நான் பின் சீட்டில் சாய்ந்துகொண்டு பார்த்தேன், ஸ்டியரிங்கில் இருந்த கை நடுங்கிக்கொண்டிருந்தது. வண்டி ஒரு இடத்திலும் அணையவில்லை.

காலையில் மெக்கானிக்குக்குப் போன் செய்து வேண்டாம் என்றேன்.

பிறகு நடந்தது சுருக்கமாக. பத்து நாள் விசாரித்ததில் போசரி தொழிற்பேட்டைப் பக்கம் ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ் வேலை மட்டுமே செய்யும் ஒருவர் கிடைத்தார். அவர் முதலில் கேட்ட கேள்வி, "கடைசியாக என்ன எண்ணெய் ஊற்றினீர்கள்?" பில்லைக் காட்டினேன், சிரித்தார். இறக்கித் திறந்தார். பெல்ட்டிலும் புல்லியிலும் லேசான கீறல்தான், தப்பித்தீர்கள் என்றார். வால்வு பாடியைச் சுத்தம் செய்து, ஒரு சோலினாய்டு வால்வை மாற்றி, சரியான எண்ணெயை ஊற்றி ஓட்டி, வடித்து, மறுபடி ஊற்றி, ஆறு மாத வாரன்டியோடு 46,000 ரூபாய் வாங்கினார். 1,85,000-க்கும் இல்லை, 70,000-க்கும் இல்லை. எல்லோருக்கும் இவ்வளவில் முடியும் என்று சொல்ல மாட்டேன். பெல்ட் போயிருந்தால் எனக்கே இரண்டு மடங்கு ஆகியிருக்கும். அப்படி ஆகியிருந்தால் என்ன செய்திருப்பேன்? இருக்கிற நிலையில், பழுதைச் சொல்லி விற்றுவிட்டு, சின்னதாக இன்னொரு ஆட்டோமேட்டிக் வாங்கியிருப்பேன். நஷ்டம்தான். ஆனால் கணக்கில் காட்டக்கூடிய நஷ்டம்.

தனியாக இருக்கிறேன், வண்டியை நான் மட்டும்தான் ஓட்டுகிறேன், எனக்கும் இதே பதில்தானா என்று அந்தப் பையன் கேட்பான். ஆமாம், பேப்பர் விஷயம் உனக்கும் அதேதான். அதோடு, உனக்குப் பெண் பார்க்கிறார்கள் என்று உன் அம்மா போன மாதம் போனில் சொன்னார்கள் தம்பி. இரண்டாவது சாவி யார் கைக்குப் போகுமோ :-)

எங்கள் வண்டி அதற்கப்புறம் இரண்டு தடவை கரூர் போய் வந்துவிட்டது. இரண்டாவது தடவை கம்பாட்கி காட்டில் ஓட்டியது தங்கமணி, நான் மேப் பார்த்தேன். மச்சான் வழக்கம் போல பொம்மைக் கார் என்றார். அன்று சாயங்காலம் அவருடைய முழங்கால் வலிக்கு டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போனது அதே பொம்மைக் காரில்தான். ஓட்டிப் போனது அவர் தங்கை. மச்சான் வழி நெடுக ஒரு வார்த்தை பேசவில்லை.

அந்தப் பழைய மேன்யுவல் கியர்பாக்ஸ் இன்னும் மெக்கானிக் கடை மூலையில் கோணிச் சாக்குக்கு அடியில் கிடக்கிறது. சாமான் இடத்தை அடைக்கிறதே என்று அவருக்குக் கவலை. போன மாதம் பஞ்சர் பார்க்கப் போனபோதும் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "சாகேப், தோ கியர்பாக்ஸ் அஜூன் ஆஹே" என்றார். இன்னும் இருக்கிறதாம்.

நான் வாயைத் திறப்பதற்குள் டிரைவர் சீட்டிலிருந்து குரல் வந்தது: "நக்கோ, பாவூ."